செல்டிக் கிளப்பில் வெறுங்காலோடு ஆடிய இந்தியர்: யார் இந்த முகமது சலீம்?

வடபழனி பஸ் டெப்போ வாசலில் நின்று முருகா என்று ஒரு குரல் கொடுத்துப் பாருங்கள். ஒரு ஆட்டோக்காரர், ஒரு டீ மாஸ்டர், ஒரு கண்டக்டர் என்று மூணு பேராவது திரும்புவார்கள். கோயில் பக்கம் போய்க் கூப்பிட்டால், யாரோ சாமி கும்பிடுகிறார் என்று ஒருத்தரும் திரும்பாமலும் போகலாம். ஒரே பெயரில் இத்தனை பேர் இருப்பதால்தான் நமக்கு இனிஷியல் தேவைப்படுகிறது.

ஸ்காட்லாந்தில் அந்த வேலையைக் குடும்பப் பெயர் செய்கிறது. அங்கே கால்பந்தும் பல வீடுகளில் குடும்பத் தொழில் மாதிரி. அப்பா ஆடியிருப்பார், மகன் ஆடுவார், தம்பி வேறு ஊர் கிளப்பில் ஆடுவார். அப்படி ஒரு குடும்பம்தான் மெக்மெனமி. அந்தக் குடும்பத்துப் பெரியவர் ஜிம்மி மெக்மெனமி, 1936-இல் கிளாஸ்கோ நகரின் செல்டிக் மைதானத்தில் ஓர் இந்தியரின் காலுக்குத் துணிக்கட்டுப் போட்டார். அடிபட்ட காலுக்கு அல்ல. பூட்ஸ் போடாமல் ஆடப் போகிற காலுக்கு.

அந்தப் புகைப்படம் இன்றும் இணையத்தில் சுற்றிக்கொண்டே இருக்கிறது. கட்டுப் போடுகிறவர் யார் என்று ஸ்காட்லாந்தில் பலருக்குத் தெரியும். காலை நீட்டிக்கொண்டிருப்பவர் கொல்கத்தாவைச் சேர்ந்த முகமது சலீம். அந்தப் பெயரை மட்டும் போட்டுத் தேடினால் மேற்கு வங்கத்தின் மார்க்சிஸ்ட் கட்சித் தலைவர்தான் முதலில் வந்து நிற்பார். கால்பந்து சலீமைத் தேடித்தான் பிடிக்க வேண்டும்.

மெட்டியாபுரூஸ் பையன்

சலீம் பிறந்தது 1904-இல், கொல்கத்தாவின் மெட்டியாபுரூஸ் பகுதியில். அயோத்தி நவாப் வாஜித் அலி ஷாவை ஆங்கிலேயர்கள் நாட்டை விட்டு இறக்கியபோது அவர் வந்து தங்கிய இடம் அது. நவாபோடு வந்த சமையல்காரர்களும் தையல்காரர்களும் பாட்டுக்காரர்களும் அங்கேயே தங்கிவிட்டார்கள். தையல் வேலைக்கு இன்றும் அந்த வட்டாரம் பெயர் போனது.

சலீமுக்கு ஏழு வயது இருக்கும்போது, 1911 ஜூலை 29 அன்று, மோகன் பகான் அணி கிழக்கு யார்க்‌ஷயர் ரெஜிமெண்ட் அணியை 2-1 என்று வென்று ஐ.எஃப்.ஏ. ஷீல்டைத் தூக்கியது. பதினோரு பேரில் பத்துப் பேர் வெறுங்கால். எதிரே பூட்ஸ் போட்ட வெள்ளைக்காரச் சிப்பாய்கள். அந்த வெற்றிக்குப் பிறகு கொல்கத்தாவில் கால்பந்து வெறும் விளையாட்டாக இருக்கவில்லை.

சலீம் பல கிளப்களில் ஆடிவிட்டு, 1934-இல் மொகமடன் ஸ்போர்ட்டிங் அணிக்கு வந்தார். அந்த ஆண்டுதான் அந்த அணி கொல்கத்தா லீக்கின் முதல் டிவிஷனுக்கே வந்திருந்தது. வந்த முதல் ஆண்டிலேயே சாம்பியன். அதற்கு முன் எந்த இந்திய அணியும் அந்த லீக்கை வென்றதில்லை, பட்டம் எப்போதும் ராணுவ அணிகளுக்கோ வெள்ளைக்காரர் கிளப்களுக்கோதான் போகும். 1934-இல் தொடங்கி 1938 வரை தொடர்ந்து ஐந்து முறை மொகமடன் வென்றது. பெங்களூரு போன்ற வெளியூர்களில் இருந்தும் ஆட்களைக் கொண்டுவந்தார்கள். மழைக்காலச் சேற்றில் வழுக்காமல் இருக்க பூட்ஸ் போடவும் பழக்கினார்கள். இந்திய கிளப்களில் அது புதிது.

சலீம் மட்டும் கடைசிவரை வெறுங்கால்தான். வலது விங்கில் ஓடுவார். பந்தைக் கால்விரலால் உருட்டி, மேலே தூக்கி, எதிராளியின் தலைக்கு மேல் அனுப்பிவிட்டு அந்தப் பக்கம் போய் எடுத்துக்கொள்வார்.

வெறுங்கால் என்றவுடன் பரிதாபப்பட வேண்டாம். பூட்ஸ் வாங்கக் காசில்லாதவர்கள் நிறையப் பேர் இருந்தார்கள், உண்மைதான். ஆனால் அப்படியே ஆடிப் பழகியவர்களுக்குப் பந்து எங்கே இருக்கிறது என்பது தோலிலேயே தெரியும். பூட்ஸ் மாட்டினால் கையில் உறை போட்டுக்கொண்டு மிருதங்கம் வாசிப்பது மாதிரி ஆகிவிடும். வறண்ட தரையில் அந்தக் கால்களை யாரும் பிடிக்க முடியாது. மழை வந்தால் கதை வேறு.

கொல்கத்தாவில் இருந்து காணாமல் போனார்

1936 கோடையில் சீன ஒலிம்பிக் கால்பந்து அணி பெர்லின் போகிற வழியில் இந்தியாவில் இறங்கிச் சில ஆட்டங்கள் ஆடியது. கொல்கத்தாவில் சீனர்களை எதிர்த்து ஆடிய இந்திய அணியில் சலீமும் இருந்தார். அடுத்த ஆட்டத்துக்கு ஆளைத் தேடினால் காணவில்லை.

அவருடைய உறவினர் ஹாஷிம் ஸ்காட்லாந்தில் இருந்தவர். ஊருக்கு வந்த இடத்தில் சலீமின் ஆட்டத்தைப் பார்த்துவிட்டு, இங்கே ஆடினது போதும், என்னோடு வா என்று அழைத்திருக்கிறார். இருவரும் கப்பல் ஏறிவிட்டார்கள். வழியில் எகிப்து, பிறகு லண்டன், கடைசியில் கிளாஸ்கோ.

இப்போது செல்டிக்கைப் பற்றிக் கொஞ்சம். பஞ்சம் பிழைக்க ஸ்காட்லாந்துக்கு வந்த ஐரிஷ் கத்தோலிக்கர்களின் பிள்ளைகளுக்குச் சாப்பாடு போடப் பணம் திரட்டுவதற்காக, வால்ஃபிரிட் என்ற துறவி 1887-இல் தொடங்கிய கிளப் அது. அரை நூற்றாண்டில் நாட்டின் பெரிய அணிகளில் ஒன்றாகிவிட்டது. சலீம் போய் இறங்கிய நேரத்தில் 1935-36 லீக் பட்டம் அவர்கள் கையில்தான் இருந்தது. அந்த சீசனில் ஜிம்மி மெக்ரோரி லீக்கில் மட்டும் 50 கோல் போட்டிருந்தார். 1897 முதல் மேனேஜராக இருந்த வில்லி மேலிதான் அங்கே எல்லாம்.

அந்த மேலியிடம் போய் ஹாஷிம் பேசினார். இந்தியாவில் இருந்து ஒரு ஆள் கப்பலில் வந்திருக்கிறார், வெறுங்காலோடு ஆடுவார், ஒரு தடவை பாருங்கள் என்பதுதான் பேச்சின் சாரம். மேலி சிரித்தாராம். ஆனால் துரத்தவில்லை, டிரயல் கொடுத்தார். பயிற்சியாளர்கள் முன்னால் சலீம் பந்தோடு தனக்குத் தெரிந்ததை எல்லாம் செய்து காட்டினார். அணியில் சேர்த்துக்கொண்டார்கள்.

கட்டுப் போட்ட கை

பூட்ஸ் போட்ட ஆட்களுக்கு நடுவே வெறும் பாதத்தை விட முடியாது, யாராவது மிதித்தால் விரல் போய்விடும். அதனால்தான் துணிக்கட்டு. போட்டுவிட்ட ஜிம்மி மெக்மெனமி அப்போது செல்டிக்கின் டிரெய்னர். சாதாரண ஆள் இல்லை. 1902 முதல் 1920 வரை செல்டிக்குக்கு ஆடியவர். 1905 முதல் 1910 வரை தொடர்ந்து ஆறு முறை லீக் வென்ற அணியில் இருந்தவர். ரசிகர்கள் வைத்த பட்டப்பெயர் நெப்போலியன். செல்டிக்கை விட்டுப் பார்ட்டிக் திஸில் அணிக்குப் போய், 40 வயதில், 1921-இல் ஸ்காட்டிஷ் கோப்பையையும் வென்றார்.

அவர் பிள்ளைகளும் சளைத்தவர்கள் இல்லை. 1932-இல் ஜான் மெக்மெனமி ஸ்காட்லாந்தின் மதர்வெல் அணியோடு லீக் பட்டம் வென்றார். அதே ஆண்டு தம்பி ஹாரி மெக்மெனமி இங்கிலாந்தில் நியூகாஸில் அணியோடு எஃப்.ஏ. கோப்பையை வென்றார். ஒரே வருஷம், ஒரே குடும்பப் பெயர், இரண்டு நாடுகளில் இரண்டு பட்டம். கால்பந்து வரலாற்றில் மெக்மெனமி என்று எழுதினாலே எந்த மெக்மெனமி என்று கேட்க வேண்டிய நிலை. அப்படிப்பட்ட வீட்டுப் பெரியவர் மண்டி போட்டு ஒரு புது ஆளின் பாதத்துக்குத் துணி சுற்றுகிறார் என்பதுதான் அந்தப் படத்தை இன்றும் பார்க்க வைக்கிறது.

ஆடியது இரண்டே ஆட்டம்

இங்கே ஒரு விஷயத்தைத் தெளிவாகச் சொல்லிவிட வேண்டும். செல்டிக்கின் முதல் அணியில் சலீம் ஆடினார் என்று இணையத்தில் நிறைய இடத்தில் எழுதியிருக்கிறார்கள். ஆடவில்லை. அவர் ஆடியது அலையன்ஸ் லீக்கில், அதாவது ரிசர்வ் அணிகளுக்கான போட்டியில். அதிலும் இரண்டே ஆட்டங்கள். ஹாமில்டன் அகாடமிகல் அணிக்கு எதிராக செல்டிக் 5-1 என்று வென்றது. 1936 ஆகஸ்ட் 28, வெள்ளிக்கிழமை, கால்ஸ்டன் அணிக்கு எதிராக 7-1.

அந்த ஏழு கோல்களில் மூன்று சலீமின் கால் பட்டுத் தொடங்கியவை என்று மறுநாள் பத்திரிகை எழுதியது. பத்துக் கால்விரலும் பந்தோடு பேசுகிற ஒரு வித்தைக்காரர் என்பதுபோல் வர்ணனை. பாராட்டுதான், சந்தேகமில்லை. ஆனால் படிக்கும்போது கொஞ்சம் உறுத்துகிறது. வலது விங்கர் ஒருவரைப் பற்றி எழுதுவது போல இல்லாமல், சர்க்கஸ் கூடாரத்துக்கு வந்த ஒருவரைப் பற்றி எழுதுவது போல இருக்கிறது. இன்னொரு பத்திரிகை அவர் பெயரையே அப்துல் சலீம் என்று போட்டது.

முதல் அணிக்கு ஏன் போகவில்லை? அதே வலது விங்கில் செல்டிக்குக்கு ஜிம்மி டிலேனி இருந்தார். பிறகு மான்செஸ்டர் யுனைடெட் போய் 1948 எஃப்.ஏ. கோப்பையை வென்றவர். அவரைத் தாண்டி உள்ளே வருவது யாருக்கும் லேசான வேலை இல்லை. கூடவே ஸ்காட்லாந்தின் குளிர்காலச் சேறு வேறு காத்திருந்தது. சலீம் இருந்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று கணக்குப் போட்டுப் பயனில்லை, ஏனென்றால் அவர் இருக்கவில்லை. சில மாதங்களிலேயே வீட்டு ஏக்கம் வந்துவிட்டது. ஊருக்குப் போகிறேன் என்றார். கிளப் தங்கச் சொன்னது, கேட்கவில்லை.

அவரைத் தங்கவைக்க செல்டிக் ஒரு உதவி ஆட்டம் நடத்தி, வசூலில் ஐந்து சதவீதம் தருவதாகச் சொன்னதாகவும், அதை அநாதைக் குழந்தைகளுக்குக் கொடுத்துவிடுங்கள் என்று அவர் சொல்லிவிட்டதாகவும், தொகை 1,800 பவுண்டு என்றும் ஒரு கதை உண்டு. ஐந்து சதவீதமே 1,800 பவுண்டு என்றால் மொத்த வசூல் 36,000 பவுண்டு. 1936-இல் அது நம்ப முடியாத பணம். தொகை எங்கோ ஊதிப் பெருத்திருக்கிறது. பணத்தை மறுத்தார் என்ற குடும்ப நினைவை மட்டும் அப்படியே வைத்துக்கொள்ளலாம்.

கொல்கத்தா திரும்பி மறுபடி மொகமடனுக்கு ஆடினார். அங்கே பட்டங்கள் வந்துகொண்டுதான் இருந்தன.

வெறுங்கால் முடிந்த கதை

சலீமுக்குப் பின்னும் வெறுங்கால் கொஞ்ச காலம் ஓடியது. 1948 லண்டன் ஒலிம்பிக்கில் பிரான்ஸை எதிர்த்து ஆடிய இந்திய அணியில் பெரும்பாலானோர் வெறுங்கால். 1-2 என்று தோற்றாலும், இந்தியாவின் அந்த ஒரு கோலைப் போட்டவர் சாரங்கபாணி ராமன். சுதந்திர இந்தியாவின் முதல் ஒலிம்பிக் கோல் அது. இரண்டு பெனால்டியை நாம் கோட்டைவிட்டிருக்காவிட்டால் முடிவே மாறியிருக்கும்.

1950 உலகக் கோப்பைக்கு இந்தியா போகாததற்கு வெறுங்கால்தான் காரணம் என்று இன்றும் சொல்கிறார்கள். அப்போதைய கால்பந்து நிர்வாகத்துக்கு ஒலிம்பிக்தான் பெரிதாகத் தெரிந்தது, உலகக் கோப்பையின் மதிப்பு தெரியவில்லை என்பதுதான் நம்பத் தகுந்த காரணம். பூட்ஸ் கட்டாயமானது 1952-இல் ஹெல்சிங்கியின் குளிரில் யூகோஸ்லாவியாவிடம் 1-10 என்று அடிவாங்கிய பிறகு.

ஐரோப்பிய கிளப் ஒன்றின் சட்டையில் அடுத்து ஒரு இந்தியர் பேசப்பட 1999 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. அந்த ஆண்டு பைச்சுங் பூட்டியா இங்கிலாந்தின் பரி கிளப்புக்குப் போனார். கிளாஸ்கோவுக்கு என்றால் இன்னும் நீண்ட காத்திருப்பு. 2020-இல் மணிப்பூரின் பாலா தேவி ரேஞ்சர்ஸ் மகளிர் அணியில் சேர்ந்தார். ரேஞ்சர்ஸ் என்றால் செல்டிக்கின் பரம எதிரி, சலீம் கேட்டிருந்தால் சிரித்திருப்பார்.

ஒரு கடிதம்

வயதான காலத்தில் சலீமுக்கு உடம்பு சரியில்லாமல் போனது. அப்போது அவருடைய மகன் செல்டிக்குக்கு ஒரு கடிதம் எழுதினார். அப்பாவுக்கு மருத்துவச் செலவுக்குப் பணம் தேவைப்படுகிறது என்று. உண்மையில் பணத்துக்காக எழுதவில்லை என்று பின்னாளில் அவரே சொன்னார். இரண்டு ஆட்டம் ஆடிவிட்டுப் போன ஒரு ஆளை, பெயரைக்கூட மாற்றி எழுதிய ஒரு ஊரில், யாருக்காவது நினைவிருக்கிறதா என்று தெரிந்துகொள்ளத்தான் எழுதினாராம்.

சில நாட்களில் கிளாஸ்கோவில் இருந்து தபால் வந்தது. உள்ளே 100 பவுண்டுக்கு ஒரு பேங்க் டிராஃப்ட்.

சலீம் 1980-இல் இறந்தார். அந்த டிராஃப்டை மகன் மாற்றவே இல்லை, பத்திரமாக எடுத்து வைத்துக்கொண்டார்.