கணக்கேடும் அரியணையும்: பிரெஞ்சு அமைச்சர் கோல்பேரின் வாழ்க்கை

அமைச்சனின் இயல்பையும் செயலையும் விரித்துரைக்கப் பத்து அதிகாரங்களை ஒதுக்கியவர் வள்ளுவப் பெருந்தகை. மன்னன் செவிசாய்க்காத போதும் நல்லதை எடுத்துச் சொல்லும் கடமை அமைச்சனுக்கு உண்டு என்பது அவர் காட்டும் நெறிகளுள் ஒன்று. சொல்லியும் மன்னன் கேளாவிடில், அதன்பின் அவ்வமைச்சன் செய்யத்தக்கது யாது? இவ்வினாவைத் தம் வாழ்நாள் முழுதும் சுமந்த ஒருவர் பதினேழாம் நூற்றாண்டுப் பிரான்சில் வாழ்ந்தார். அவர் ழான் பாப்திஸ்து கோல்பேர். ஆங்கில வழிவந்த நூல்களில் இவர் பெயரைக் கால்பர்ட் என்றும் எழுதுவர்.

குலமும் இளமையும்

கோல்பேர் 1619-ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்கள் 29-ஆம் நாள் ரேம்ஸ் நகரில் பிறந்தார். பிரெஞ்சு மன்னர்கள் முடிசூடிக்கொள்ளும் பேராலயம் அமைந்த ஊர் அது. ஆனால் கோல்பேரின் குடும்பத்துக்கும் முடிக்கும் தொடர்பு ஏதும் இல்லை. அவர்கள் துணி வணிகர்கள். பிற்காலத்தில் கோல்பேர் பெரும்பதவி அடைந்தபோது, தம் முன்னோர் ஸ்காட்லாந்தின் உயர்குடியினர் என்றொரு குலவரலாறு புனையப்பட்டது. அவருடைய உண்மையான ஏற்றம் வணிகரின் பேரேட்டிலிருந்து தொடங்கியது. வரவை ஒரு பக்கமும் செலவை மறுபக்கமும் எழுதி, நாள்தோறும் இருப்பைச் சரிபார்க்கும் பழக்கம் அவரை இறுதிவரை விட்டு நீங்கவில்லை.

இருபதாம் வயதை ஒட்டி அரசுப் பணியில் நுழைந்த கோல்பேர், போர்த்துறைச் செயலர் மிஷெல் லெ தெல்லியேயின் கீழ்ப் பணிபுரிந்தார். படைகளுக்குக் கூலி சேர்கிறதா, தானியம் சேர்கிறதா என்று ஊர் ஊராகச் சென்று கண்காணிப்பதே வேலை. 1648-இல் மரி ஷரோன் என்னும் செல்வக்குடிப் பெண்ணை மணந்தார்.

கர்தினாலின் வீட்டுக் கணக்கர்

அக்காலத்தில் மன்னர் பதினான்காம் லூயி சிறுவர். ஆட்சிப் பொறுப்பு இத்தாலியரான கர்தினால் மசாரேன் கையில் இருந்தது. 1648-இல் மூண்ட ஃப்ரோந்து எனும் கிளர்ச்சியால் 1651-இல் மசாரேன் நாட்டைவிட்டே வெளியேற நேர்ந்தது. அவருடைய சொத்துகள் சிதறின. சிதறியவற்றை மீட்டு ஒழுங்குபடுத்தும் பணியை ஏற்றவர் கோல்பேர். நிலக்குத்தகை, கடன் பத்திரம், நூலகம், ஓவியம், குதிரை லாயம் வரை ஒவ்வொன்றுக்கும் கணக்கு எழுதினார். வெளியேறிய மசாரேன் திரும்பி வந்தார். 1661-இல் அவர் இறந்தபோது விட்டுச்சென்ற செல்வம் மூன்று கோடி லீவருக்கும் மேல். லீவர் என்பது அக்காலப் பிரெஞ்சு நாணயக் கணக்கு. அரசன் அல்லாத ஒருவர் அந்நாட்டில் அவ்வளவு செல்வம் சேர்த்ததில்லை.

அச்செல்வம் நேர்வழியில் மட்டும் வந்ததன்று. அரசுப் பணமும் அமைச்சரின் சொந்தப் பணமும் கலந்து ஓடிய வாய்க்கால் அது. அந்த வாய்க்காலின் மடைகள் அனைத்தும் கோல்பேருக்குத் தெரியும். இறக்கும் தறுவாயில் மசாரேன் இளம் மன்னரிடம், தாம் பட்ட நன்றிக்கடன் அனைத்தையும் கோல்பேரைக் கொடுப்பதன் மூலம் தீர்ப்பதாகக் கூறினார் என்பது வழிவழி வரும் செய்தி. 1661 மார்ச்சு 9-இல் மசாரேன் மறைந்தார். இனித் தமக்குத் தாமே முதலமைச்சர் என்று இருபத்திரண்டு வயது மன்னர் அறிவித்தார். கோல்பேருக்கு நிதித்துறையில் ஓர் இடம் கிடைத்தது.

போட்டியாளரின் வீழ்ச்சி

நிதித்துறையின் தலைவராக அப்போது இருந்தவர் நிக்கோலா ஃபூக்கே. கலைஞர்களை ஆதரித்தவர்; நண்பர்களிடம் வள்ளன்மை மிக்கவர்; கணக்கில் தெளிவற்றவர். 1659-இலேயே அவர்மீது குற்றஞ்சாட்டும் விரிவான அறிக்கை ஒன்றைக் கோல்பேர் மசாரேனுக்கு எழுதியிருந்தார். 1661 ஆகஸ்டு 17 அன்று ஃபூக்கே தம் புதிய மாளிகையான வோ-லெ-விகோந்தில் மன்னருக்கு விருந்தளித்தார். மோலியேரின் புதிய நாடகமும் வாணவேடிக்கையும் அன்று அரங்கேறின. மூன்று வாரம் கழியுமுன், செப்டம்பர் 5-இல், நாந்து நகரில் ஃபூக்கே கைதானார். மூன்றாண்டுக்கு மேல் நீண்ட வழக்கில் நீதிபதிகளுள் பெரும்பாலோர் நாடுகடத்தலே போதுமென்றனர். மன்னரோ அதனை ஆயுள் சிறையாக மாற்றினார். 1680-இல் சிறையிலேயே ஃபூக்கே இறந்தார்.

கோல்பேரின் வாழ்வில் கறை படிந்த பகுதி இதுவே. வழக்குக்குரிய ஆவணங்களைத் திரட்டுவதிலும் நடுவர்களை நெருக்குவதிலும் அவர் கை இருந்தது. முறைகேட்டில் ஃபூக்கேயைவிட மசாரேனுக்கே பங்கு மிகுதி எனப் பிற்கால ஆய்வாளர் சிலர் காட்டுகின்றனர். மசாரேனின் கணக்கை எழுதியவரே ஃபூக்கேயின் கணக்கைத் தணிக்கை செய்தார் என்பதை வரலாறு மறக்கவில்லை.

நிதியும் தொழிலும்

இனி அவருடைய ஆக்கப் பணிகளைக் காண்போம். 1661-இல் மக்களிடமிருந்து திரட்டப்பட்ட வரி எட்டுக் கோடி லீவருக்கும் மேல். அதில் பாதிகூடக் கருவூலத்தை அடையவில்லை. இடைத்தரகர்களும் கடன் கொடுத்தோரும் மீதியை உறிஞ்சினர். கோல்பேர் வரிக் குத்தகைகளை மறுஏலம் விட்டார். பொய்யாக உயர்குடிப் பட்டம் சூடி வரிவிலக்குப் பெற்றோரைத் தேடிப் பிடித்தார். உழவர் தோளில் விழுந்த நேர்முக வரியைக் குறைத்தார். சில ஆண்டுகளிலேயே கருவூலம் சேர்ந்த தொகை ஏறத்தாழ இருமடங்காயிற்று. எனினும் உண்மையான உயர்குடியினருக்கும் திருச்சபைக்கும் இருந்த வரிவிலக்கை அவரால் தொட இயலவில்லை.

பதவிகள் அடுத்தடுத்து வந்தன. 1664-இல் அரசுக் கட்டடங்களின் கண்காணிப்பாளர். 1665-இல் நிதித் தலைமைக் கட்டுப்பாட்டாளர். 1669-இல் கடற்படைக்கும் அரண்மனைக்கும் செயலர். கண்ணாடியும் திரைச்சீலையும் வெளிநாட்டிலிருந்து வருவதால் நாட்டின் பொன் வெளியேறுகிறது என்று கருதி, அவற்றை உள்நாட்டிலேயே செய்ய அரசு ஆலைகளை நிறுவினார். கோபெலேன் திரைச்சீலைக் கூடமும் 1665-இல் தொடங்கிய கண்ணாடித் தொழிலகமும் அவ்வாறு எழுந்தவை. அட்லாண்டிக் கடலையும் மத்தியதரைக் கடலையும் நீர்வழியே இணைக்கும் தெற்குக் கால்வாய்க்கு 1666-இல் ஆணை பிறந்தது. அதே ஆண்டு அறிவியல் கழகம் தோன்றியது. 1667-இல் பாரிசில் வானாய்வகம் எழலாயிற்று. 1661-இல் இருபது அளவில் இருந்த பெரும் போர்க்கப்பல்கள் அவர் மறைந்தபோது நூற்றைத் தாண்டியிருந்தன.

கப்பல்களை இயக்க ஆள் வேண்டுமே! துடுப்புக் கப்பல்களுக்குக் கைதிகளை மிகுதியாக அனுப்புமாறு நீதிமன்றங்களுக்கு அவர் அழுத்தம் தந்தார். கரும்புத் தீவுகளில் அடிமைகளுக்கான சட்டத்தின் ஆக்கத்தைத் தொடங்கி வைத்தவரும் அவரே. அது அவர் மறைவுக்குப் பின் 1685-இல் வெளிவந்தது. கணக்கேட்டில் மனிதரும் ஓர் இனமாக எழுதப்பட்ட கொடுமை அது.

நம் கரையைத் தொட்ட கம்பெனி

தமிழர் வாழ்வையும் கோல்பேரின் பேனா தொட்டது. 1664-இல் ஒன்றரைக் கோடி லீவர் மூலதனம் குறித்து அவர் அமைத்ததே பிரெஞ்சுக் கிழக்கிந்தியக் கம்பெனி. வணிகர் தயங்கியமையால் அரச அலுவலரையும் நகரங்களையும் வற்புறுத்திப் பங்கு சேர்க்க வேண்டியதாயிற்று. 1668-இல் சூரத்திலும் அடுத்த ஆண்டு மசூலிப்பட்டினத்திலும் பண்டகசாலைகள் அமைந்தன. 1672-இல் மயிலாப்பூரை ஒட்டிய சாந்தோமைப் பிரெஞ்சுப் படை கைப்பற்றி, ஈராண்டில் இழந்தது. வாலிகண்டபுரத்தை ஆண்ட ஷேர்கான் லோடியின் இசைவுடன் புதுச்சேரியில் கால்கொண்ட குடியிருப்பை 1674 முதல் பிரான்சுவா மர்த்தேன் வளர்த்தெடுத்தார். 1954 வரை நீடித்த ஓர் ஆட்சியின் வித்து இங்ஙனம் விழுந்தது. அதனை ஊன்றச் செய்த கோல்பேர் இந்திய மண்ணைக் கண்டதே இல்லை.

கேளாத மன்னர்

கோல்பேர் விடியுமுன் எழுந்து இரவு வரை உழைப்பவர், சிரிப்பு அறியாதவர். மதாம் தெ செவிஞ்ஞே எனும் கடித இலக்கிய ஆசிரியை, அவருடைய குளிர்ந்த முகத்தைக் கண்டு வடதிசை என்றே பெயர் சூட்டினார். அத்தகையவர் தம் மன்னருக்காகச் செய்த ஒரு செயல் நெஞ்சைத் தொடுவது. நாட்டின் வரவு செலவுகளைச் சுருக்கிச் சட்டைப்பையில் அடங்கும் சிறு ஏடுகளாக, அழகிய கையெழுத்தில் எழுதுவித்து ஆண்டுதோறும் மன்னருக்கு அளித்தார். சென்ற ஆண்டின் வரவு எவ்வளவு, செலவு எவ்வளவு என்பதை மன்னர் நின்ற இடத்திலேயே பார்த்தறியலாம்.

ஏடு சொன்னதை வாயாலும் சொன்னார். வீண் விருந்துக்குச் செலவாகும் சிறு தொகையும் தம்மை வருத்துகிறது என்றும், நாட்டின் பெருமைக்காயின் தம் உடைமை அனைத்தையும் விற்கத் தயங்கேன் என்றும் 1666-இல் மன்னருக்கு எழுதினார். வெர்சாயில் பணத்தைக் கொட்டுவதைவிட லூவ்ர் அரண்மனையை முடிப்பதே தக்கது என்றும் வாதாடினார். மன்னர் வெர்சாயையே விரும்பினார். சொல்லி முடித்த கோல்பேர், அம்மாளிகைக்குரிய கல்லுக்கும் நீரூற்றுக்கும் பணம் தேடிக் கொடுத்தார்.

1672-இல் டச்சுப் போர் மூண்டது. டச்சு வணிகத்தை முறிக்க 1667-இல் சுங்கத்தை உயர்த்தியவர் கோல்பேரே ஆதலால், அப்போரின் பழியில் அவருக்கும் பங்குண்டு. போர் ஆறாண்டுகள் நீடித்துக் கருவூலத்தைக் காலியாக்கியது. முன்னர் தாமே ஒழித்துக்கட்டிய வழிகளுக்குக் கோல்பேர் திரும்பினார். பதவிகள் விற்கப்பட்டன, கடன் பெருகியது, முத்திரைத்தாளுக்கும் புகையிலைக்கும் 1674-இல் புதுச்சுமை வந்தது. மறு ஆண்டே பிரித்தானி நாட்டுப்புறம் கிளர்ந்தெழுந்து கடுமையாக ஒடுக்கப்பட்டது. 1678-இல் அமைதி உடன்பாடு ஏற்பட்டபோது அந்தச் சுங்கமும் கைவிடப்பட்டது.

அவர் குடும்பம் மட்டும் தாழவில்லை. தம்பி அயலுறவு அமைச்சரானார். மகன் கடற்படையை ஏற்றார். மகளிர் மூவரும் பிரபுக் குடும்பங்களில் மணம் புகுந்தனர்.

இறுதி நாள்கள்

1683 செப்டம்பர் 6-ஆம் நாள் சிறுநீரகக் கல் நோயால் கோல்பேர் பாரிசில் மறைந்தார். மரணப்படுக்கையில் மன்னரின் மடல் வந்தபோது அதைக் கேட்கவும் அவர் விரும்பவில்லை என்றும், மன்னருக்குச் செய்த தொண்டை இறைவனுக்குச் செய்திருந்தால் கரையேறியிருப்பேன் என வருந்தினார் என்றும் கூறுவர். மக்களின் சினத்துக்கு அஞ்சி, அவர் உடலைக் காவலுடன் இரவில் எடுத்துச் சென்று அடக்கம் செய்தனர். வரி விதித்த கையைத்தான் மக்கள் கண்டனர். ஏவிய கை வெர்சாயில் இருந்தது.

அவருக்குப் பின் மன்னரின் சட்டைப்பைக்குக் கணக்கேடு வருவது நின்றுபோயிற்று. போர்கள் தொடர்ந்தன. 1715-இல் லூயி இறந்தபோது பிரான்சு பெருங்கடனில் மூழ்கியிருந்தது. 2020 சூன் திங்களில், பாரிசின் நாடாளுமன்றத்தின் முன்னுள்ள கோல்பேர் சிலைமீது அடிமைச் சட்டத்தை நினைவூட்டிச் சிவப்பு வண்ணம் ஊற்றப்பட்டது. முந்நூறு ஆண்டு கடந்தும் அவருடைய கணக்கு முடியவில்லை.

உழைப்பிலும் ஒழுங்கிலும் கோல்பேருக்கு இணையானவர் அரியர். மன்னருக்கு உண்மையைச் சொல்லும் துணிவும் அவரிடம் இருந்தது. அந்த உண்மை புறக்கணிக்கப்பட்டபின் மறுத்து நிற்கும் துணிவுதான் இல்லை. வீட்டுக் கணக்கராய்த் தொடங்கியவர் நாட்டையும் தலைவரின் வீடாகவே எண்ணி நடத்தினார். அந்த வீட்டில் எண்ணற்ற மக்களும் வாழ்கின்றனர் என்பதை ஏட்டில் எழுத இடம் இருக்கவில்லை. பதவியில் இருப்போர் எவராயினும், தாம் எழுதும் கணக்கு யாருடையது என்று ஒருமுறை நின்று எண்ணிப் பார்க்க இவ்வாழ்க்கை துணைசெய்யும்.