தாமஸ் வில்ஸன் டார் சரித்திரம்

நாடு சிறிதாயினும் அதன் ஜனங்களுக்குரிய நியாயம் சிறிதாவதில்லை. இவ்வுண்மைக்காகத் தம் சுகத்தையும் வாழ்நாளையும் இழந்த தாமஸ் வில்ஸன் டார் என்பாரின் சரித்திரத்தை நம் அங்கத்தினர்களுக்கு ஈண்டுச் சுருங்கக் கூறுவோம்.

அமெரிக்க ஐக்கிய நாட்டு மாகாணங்களுள் மிகச் சிறியதாகிய ரோட் ஐலண்டில், பிராவிடென்ஸ் நகரத்திலே, 1805-ம் வருஷம் நவம்பர் 5-ந் தேதி செல்வந்தரான ஒரு வர்த்தகருக்கு இவர் மகனாய்ப் பிறந்தார். ஹார்வர்டு கலாசாலையில் 1823-ல் தேறி, நியாயவாதியாகி, 1834-ல் மாகாணச் சட்டசபையிலும் ஸ்தானம் பெற்றார்.

இங்கிலாந்து மன்னர் இரண்டாம் சார்லஸ் 1663-ல் அளித்த சாஸனமே அந்நாளிலும் அம்மாகாணத்தை ஆண்டு வந்தது. 134 டாலர் பெறுமான நிலமுடையோரும் அவர்தம் மூத்த குமாரருமே வோட்டளிக்கலாம். சட்டசபையில் நியூபோர்ட்டுக்கு 6 ஸ்தானம். பிராவிடென்ஸுக்கு 4 ஸ்தானமே. 1840-ல் முன்னதில் 8,000 சொச்சம் பேரும் பின்னதில் 23,000-க்கு மேற்பட்டோரும் வசித்தும் அவ்வளவு மாறவில்லை. ஆலைகளில் உழைத்தோர்க்கு நிலமில்லை; ஆதலின் வோட்டுமில்லை.

விண்ணப்பங்கள் பயனற்றுப் போகவே, டாரும் அவர் கூட்டத்தாரும் 1841-ல் ஜனங்களின் மகாநாடு கூட்டித் தனி அரசியல் சட்டம் வகுத்தனர். கறுப்பருக்கும் வோட்டு வேண்டுமென டார் வாதித்தும் மகாநாட்டார் இணங்காதது அச்சட்டத்திற்கு நீங்காத மாசாயிற்று. சுமார் 14,000 பேர் அதனை ஆதரித்தனர். 1842-ல் டார் கவர்னராகத் தேர்ந்தெடுக்கப்பட, ஒரே மாகாணத்தில் இரு கவர்னர்கள் தோன்றினர். மே மாதத்தில் ஆயுதசாலையைக் கைப்பற்ற முயன்றபோது அவர் பீரங்கிகள் வெடிக்கவில்லை. உள்ளே காத்து நின்றோருள் அவருடைய சொந்த பந்துக்களும் இருந்தனர்!

மாகாணம் கடந்து திரிந்து, 1843-ல் தாமே திரும்பிவந்து பிடிபட்டார். 1844-ல் ராஜத்துரோகக் குற்றத்திற்காக ஆயுட்காலக் கடின உழைப்புச் சிறை விதிக்கப்பட்டது. 1845-ல் விடுதலை பெற்றாரெனினும் தேகநலம் திரும்பவில்லை. அத்தீர்ப்பு செல்லாதெனச் சட்டசபை 1854-ல் தீர்மானித்தது. அவ்வருஷம் டிசம்பர் 27-ல் டார் காலமானார்.

அவர் முயற்சி வீண்போயிற்றோ? இல்லை. அவரை ஒடுக்கிய கட்சியாரே 1842-ல் புதிய அரசியல் சட்டம் இயற்றி, 1843 முதல் சொந்த நாட்டிற் பிறந்தோர்க்கு, கறுப்பர் உட்பட, வோட்டுரிமையை விரித்தனர். ஆயினும் வந்து குடியேறிய பிரஜைகளுக்கு நிலவிதி 1888 வரை நீடித்தது. ஊருக்கு ஒரு ஸெனட்டர் என்ற ஏற்பாட்டால் சிற்றூரும் பெருநகரும் அச்சபையில் சமமாயின.

அன்பர்காள்! வோட்டுரிமை ஒன்று, அவ்வோட்டுக்குச் சமநிறை வேறொன்று. முன்னதைப் பெற்றோர் பின்னதையும் விழிப்புடன் காக்க வேண்டுமென்பதே இச்சரித்திரத்தால் நாம் அறியத்தகுவதாம்.