'மிஸ் கமலா'வை எழுதிய ராஜலட்சுமி

எமது பாடசாலைப் பரிசளிப்பு விழாக்களில் ஆண் வேடமும் நாங்களே கட்டினோம். ரி. பி. ராஜலட்சுமி மேடையேறிய காலத்திலோ பெண் வேடத்தையே பெரும்பாலும் ஆண்கள்தான் கட்டினார்கள்.

1911இல் திருவையாற்றில் பிறந்தவர். சிறு பிராயத்திலேயே செய்துவைத்த திருமணம் நிலைக்கவில்லை. தாயுடன் திருச்சிக்குப் போய் நாடகக் குழுவொன்றில் சேர்ந்தார். ஊர் என்ன பேசியிருக்கும் என்பதை நம் புத்தளக் கரையோரப் பெண்களுக்கு விளக்க வேண்டியதில்லை.

1931இல் தமிழின் முதற் பேசும்படமான 'காளிதாஸ்' வந்தது. கதாநாயகன் தெலுங்கில் பேச, கதாநாயகியான இவர் தமிழில் பேசினார். 'சினிமா ராணி' என்று பட்டமும் கிடைத்தது. எனக்குப் பெரிதாகத் தெரிவது 1936இல் வந்த 'மிஸ் கமலா'. விருப்பத்துக்கு மாறாக மணமுடித்து வைக்கப்பட்ட பெண்ணின் கதை. தாம் எழுதிய நாவலைத் தாமே திரைக்கதையாக்கி, தயாரித்து, நெறிப்படுத்தி, நடித்தார். தென்னிந்தியாவின் முதற் பெண் நெறியாளர் அவரே. மகளுக்கும் கமலா என்றே பெயர் வைத்தார்.

சிசுக்கொலைக்கு ஆளாகவிருந்த பெண் குழந்தையொன்றை எடுத்து மல்லிகா என்று பெயரிட்டு வளர்த்தார். மகப்பேற்று விடுதியில், இதுவும் பெண்ணா என்று சுருங்கும் முகங்களைக் காணும்போதெல்லாம் எனக்கு அவர் ஞாபகம்தான்.

1964இல் காலமானார். 'காளிதாஸ்', 'மிஸ் கமலா' இரண்டின் படச்சுருளும் இன்றில்லை. கற்பிட்டியிலோ கனடாவிலோ, எவர் வீட்டுப் பெட்டியிலேனும் நமது பழைய நாடகக் கொப்பிகள் கிடந்தால், கறையான் தின்னுமுன் சங்கத்திடம் கொடுத்துவிடுங்கள்.