மக்கள் காசில் படமெடுத்தவர்

ஆலந்தலை போன்ற கடற்கரை ஊர்களில் கரைவலையைப் பலர் கூடி இழுப்பர். கிடைத்த மீனில் இழுத்தோர்க்கெல்லாம் பங்குண்டு. திரைப்படத்தையும் அவ்வாறே பலர் கைகூடி எடுக்கலாம் எனக் காட்டியவர் ஜான் ஆபிரகாம். 1937இல் கேரளத்தின் குட்டநாட்டில் பிறந்தவர். ஆயுள் காப்பீட்டுக் கழகப் பணியைத் துறந்து, புனே திரைப்படக் கல்லூரியில் ரித்விக் கட்டக்கிடம் பயின்றார்.

1977இல் அவர் தமிழில் இயக்கிய படம் ‘அக்ரகாரத்தில் கழுதை’. தாயற்ற கழுதைக்குட்டியொன்றைப் பேராசிரியர் வளர்க்கிறார். ஊரார் அதன்மேல் பழி சுமத்திக் கொல்கின்றனர். பின்னர் அதனையே தெய்வமாக்க முனைகின்றனர். இசையமைப்பாளர் எம்.பி.சீனிவாசனே பேராசிரியராக நடித்தார். சிரித்துக்கொண்டே பார்ப்பவர் நெஞ்சு திடீரெனக் கனக்கும். ஜானின் எள்ளல் அத்தகையது. படத்துக்குத் தேசிய விருது கிடைத்தது, எதிர்ப்பும் எழுந்தது.

முதலாளியின் பணத்தில் எடுக்கும் படம் முதலாளிக்கே உரியதாகிவிடும் என அவர் கருதினார். எனவே 1984இல் நண்பர்களுடன் ‘ஒடேசா’ இயக்கத்தைத் தொடங்கி, ஊர் ஊராகப் படங்களைத் திரையிட்டு மக்களிடம் சிறுதொகை திரட்டினார். அப்பணத்தில் உருவானதே ‘அம்ம அறியான்’ (1986). இறந்த இளைஞன் ஒருவனின் தாய்க்குச் செய்தி சொல்லப் புறப்பட்டவனோடு, வழிநெடுக நண்பர்கள் ஒவ்வொருவராய்ச் சேர்கின்றனர். கதை எங்கே முடிகிறது, ஆவணப்படம் எங்கே தொடங்குகிறது எனப் பிரித்தறிவது கடினம்.

அவர் இயக்கிய முழுநீளப் படங்கள் நான்கே. 1987 மே 31 அன்று கோழிக்கோட்டில் மாடியிலிருந்து விழுந்து மறைந்தார்.