உதவியாளராய் நின்று உயர்ந்தவர்

திரைப்படம் பார்க்கும் நாம் நடிகரின் பெயரை நினைவில் வைக்கின்றோம்; திரைக்குப் பின்னால் நின்று உழைத்தவரை எளிதில் மறந்துவிடுகின்றோம். அவ்வாறு நெடுங்காலம் பின்னால் நின்றே முன்னுக்கு வந்தவர் எல். வி. பிரசாத்.

ஆந்திர நாட்டிலே ஏலூருக்கு அண்மையிலுள்ள சோமவரப்பாடு என்னும் சிற்றூரில், 1908 ஆம் ஆண்டு, உழவர் குடும்பமொன்றிற் பிறந்தார். படிப்பில் மனம் செல்லவில்லை. நாடகத்திலும் படங்களிலுமே சென்றது. தந்தையார் கடனில் மூழ்கி நொடித்துப்போனபின், வீட்டாருக்குச் சொல்லாமல், கையில் நூறு ரூபாயுடன் பம்பாய்க்குப் புறப்பட்டார்.

அங்கே படக் கம்பனியொன்றில் கிடைத்தது எடுபிடி வேலை. பின்னர் சிறு வேடங்கள் வந்தன. இந்தியாவின் முதற் பேசும்படமான ‘ஆலம் ஆரா’ (1931), தமிழின் முதற் பேசும்படமான ‘காளிதாஸ்’ (1931), தெலுங்கின் ‘பக்த பிரகலாதா’ (1932) ஆகிய மூன்றிலும் தோன்றினார். ஆயினும் அவர் தொழிலைக் கற்றது உதவி டைரக்டராக இருந்த ஆண்டுகளிலேதான். ‘கஷ்டஜீவி’ என்ற படத்தை இயக்கும் வாய்ப்பு ஒருமுறை வந்தது. சில சுருள்கள் எடுத்த அளவில் அது நின்றுபோயிற்று. டைரக்டர் நாற்காலியில் அமர்ந்தவர் மீண்டும் உதவியாளராகப் போவது எளிதன்று. அவர் போனார். அந்த மனத்திடத்தையே நாம் பெரிதென மதிக்கின்றோம்.

‘கிருகப்பிரவேசம்’ 1946 இல் வெளிவந்தபோது அவருக்கு வயது முப்பத்தெட்டு. அதன்பின் தடையில்லை. ‘மனதேசம்’ (1949) படத்தில் என். டி. ராமராவை அறிமுகஞ் செய்தார். தமிழர் மறவாத ‘மனோகரா’ (1954), ‘மிஸ்ஸியம்மா’ (1955) இரண்டும் அவர் இயக்கியவையே. 1956 இல் சொந்தப் படநிறுவனம் நிறுவித் தயாரிப்பாளரானார். தமிழில் ‘இருவர் உள்ளம்’ (1963), இந்தியில் ‘மிலன்’ (1967) முதலியவற்றைத் தயாரித்தார். சென்னையில் படப்பிடிப்பு நிலையமும் ஆய்கூடமும் அமைத்தார். 1982 ஆம் ஆண்டுக்குரிய தாதாசாகேப் பால்கே விருது அவரைச் சேர்ந்தது.

தேடிய பொருளை அவர் பூட்டி வைக்கவில்லை. ஐதராபாத்தில் கண் மருத்துவ நிலையம் எழ நிலமும் ஒரு கோடி ரூபாயும் வழங்கினார். 1987 இல் தொடங்கிய அந்நிலையம் அவர் பெயரையே தாங்கி நிற்கின்றது. கண்ணுக்கு விருந்தளித்துப் பெற்ற செல்வம் கண்ணொளிக்கே திரும்பியது எத்துணைப் பொருத்தம்!

1994 இல் அவர் மறைந்தார். இளைஞராகிய நாம் முதற்படியிலேயே முதலிடம் கேட்கின்றோம். உதவியாளராய் நிற்கும் காலம் வீண்காலமன்று என்பதை அவர் வாழ்வு நமக்கு உணர்த்துவதாக!