சிதைமொழிகளுக்குச் சிறப்பளித்த செம்மல் ஹூகோ ஷூகார்ட்

உலக மொழிகளுள் மூத்தது எது, தூயது எது என்னும் வினாக்கள் மேலைநாட்டு அறிஞர்களைப் பெரிதும் ஈர்த்திருந்த காலம் பத்தொன்பதாம் நூற்றாண்டு. சமற்கிருதம், கிரேக்கம், இலத்தீன் முதலிய பழம்பெரும் மொழிகளின் மூலத்தைத் தேடிச் செல்வதே மொழிநூலாரின் தலையாய பணியாக விளங்கியது. அந்நாளில், அடிமைகளும் மாலுமிகளும் தோட்டத் தொழிலாளரும் வீட்டுப் பணியாளரும் பேசிய பேச்சை, சிதைந்த மொழி என்று கற்றோர் ஒதுக்கிய பேச்சை, தம் வாழ்நாள் ஆய்வுப் பொருள்களுள் ஒன்றாக ஏற்றுக்கொண்டவர் ஹூகோ ஷூகார்ட். கிரியோல் மொழியியலின் தந்தை என்று அவரை இன்று மொழியியலார் போற்றுகின்றனர். நம் மேலைக் கடற்கரைப் பேச்சையும் சென்னைப் பேச்சையும்கூட அவர் விட்டுவைக்கவில்லை. அப்பெருமகனாரின் வாழ்வைச் சுருக்கமாக எடுத்துரைப்பதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

இளமையும் கல்வியும்

செருமனியின் கோத்தா நகரில் 1842 பிப்ரவரி 4ஆம் நாள் ஷூகார்ட் பிறந்தார். தந்தையார் சட்டத் துறையினர். அன்னையார் மல்வினாவின் குடும்பம் பிரெஞ்சு வழங்கும் சுவிட்சர்லாந்துப் பகுதியிலிருந்து வந்தது. தாய்வழிப் பாட்டனார் பாசியினத் தாவரங்களை ஆராய்ந்து புகழ்பெற்றவர்.

யேனா, பான் பல்கலைக்கழகங்களில் ஷூகார்ட் பயின்றார். மொழிகளின் உறவை மரத்தின் கிளைகளாக வரைந்து காட்டிய ஆகஸ்ட் ஷ்லைகர், ரோமானிய மொழியாய்வின் முன்னோடியான பிரீட்ரிக் டீஸ் ஆகியோர் அவருடைய ஆசிரியர்கள். 1864இல், இருபத்திரண்டாம் அகவையில், முனைவர் பட்டம் பெற்றார். அவ்வாய்வின் விரிவாகப் பேச்சு இலத்தீனின் உயிரொலிகளைப் பற்றிய மூன்று தொகுதிகள் 1866 முதல் 1868 வரை வெளிவந்தன.

இந்நூலின் அணுகுமுறை கருதத்தக்கது. சிசரோவின் நடையிலும் வெர்ஜிலின் நடையிலும் பேச்சு இலத்தீனைக் காண இயலாது. ஆகவே கல்லில் எழுத்து வெட்டியவனும் ஏடு படியெடுத்தவனும் செய்த எழுத்துப் பிழைகளை ஷூகார்ட் ஆயிரக்கணக்கில் தொகுத்தார். பிழை என்று பிறர் தள்ளியவற்றில் மக்கள் நாவில் வழங்கிய மொழியைக் கண்டார். நம் கல்வெட்டுகளில் உள்ள கொச்சை வழக்குகளைக் கொண்டு பேச்சுத்தமிழின் வரலாற்றை அறிய முயல்வார்க்கு இம்முறையின் அருமை எளிதில் விளங்கும். பிற்காலத்தில் அவர் கிரியோல் மொழிகளை நாடியதற்கு வித்து இங்கேயே ஊன்றப்பட்டுவிட்டது எனலாம்.

1870இல் லைப்சிக்கில் கிளைமொழிப் பாகுபாடு பற்றி உரையாற்றினார். ஒரு கிளைமொழி முடிந்து மற்றொன்று தொடங்கும் இடத்தைக் கோடு கிழித்துக் காட்ட இயலாது, ஒன்று மற்றொன்றில் மெல்லக் கலக்கிறது என்பது அதன் சாரம். அவ்வுரை அச்சேற 1900ஆம் ஆண்டு வரை காத்திருக்க நேர்ந்தது. 1873இல் ஹாலே பல்கலைக்கழகத்திலும், 1876இல் ஆஸ்திரியாவின் கிராட்ஸ் பல்கலைக்கழகத்திலும் பேராசிரியரானார். அதன்பின் இறுதிவரை கிராட்ஸே அவருடைய ஊராயிற்று.

கிரியோல் என்பது யாது?

வெவ்வேறு மொழி பேசுவோர் வாணிகத்தின் பொருட்டோ அடிமைத்தளையின் காரணமாகவோ ஓரிடத்தில் கூடும்போது, ஒருவரையொருவர் புரிந்துகொள்ள எளிய பேச்சொன்றை உருவாக்கிக்கொள்கின்றனர். எவர்க்கும் தாய்மொழியாகாத அப்பேச்சைப் பிட்ஜின் என்பர். ஒரு தலைமுறைக் குழந்தைகளுக்கு அத்தகைய பேச்சே தாய்மொழியாகி நிலைபெற்று வளருமாயின் அது கிரியோல் எனப்படும். சொற்களுள் பெரும்பாலானவை ஆதிக்கம் செலுத்தியோரின் மொழியிலிருந்து வருகின்றன. இலக்கண அமைப்போ அம்மொழியிலிருந்து பெரிதும் வேறுபடுகிறது.

எடுத்துக்காட்டாக, பிரெஞ்சில் வினைச்சொல் இடத்திற்கும் காலத்திற்கும் ஏற்ப விகுதி ஏற்றுத் திரியும். ஹைத்தி கிரியோலில் வினைச்சொல் திரிவதில்லை. ‘தெ’ என்னும் சொல் வினைக்கு முன் நின்றால் இறந்தகாலம். ‘அப்’ என்பது நின்றால் நடந்துகொண்டிருக்கும் செயல். இதனை இலக்கணமின்மை என்று எண்ணியோர் உண்டு. உண்மையில் இஃது இன்னோர் இலக்கணம்.

மெலனீசியத் தீவுகளில் வழங்கிய ஆங்கிலம் பற்றி 1883இல் ஷூகார்ட் எழுதினார். அம்மரபில் வளர்ந்து இன்று பாப்புவா நியூகினியில் வழங்கும் தோக் பிசினில் ஒரு நுட்பம் உண்டு. கேட்பவரையும் உளப்படுத்திச் சொல்லும்போது ‘யுமி’ என்றும், அவரை விலக்கிச் சொல்லும்போது ‘மிபெலா’ என்றும் கூறுவர். நாம், நாங்கள் என்று நாம் பாகுபடுத்துவதும் இதுவே. ஆங்கிலத்திற்கு இப்பாகுபாடு இல்லை. ஆங்கிலச் சொற்களைக் கொண்டே, ஆங்கிலம் அறியாத வேறுபாட்டை அத்தீவு மக்கள் தம் மொழிமரபிலிருந்து அமைத்துக்கொண்டனர். சிதைவு என்னும் சொல் இதற்குப் பொருந்துமா என்று எண்ணிப் பார்க்க வேண்டும்.

மேசையிலிருந்து உலகை அளந்தவர்

கிரியோல் பற்றி எழுதியோர் ஷூகார்டுக்கு முன்னரும் இருந்தனர். டிரினிடாடின் கறுப்பினப் பள்ளியாசிரியர் ஜான் ஜேக்கப் தாமஸ் 1869இலேயே தம் தீவின் கிரியோலுக்கு இலக்கணம் எழுதி அச்சிட்டார். போர்ச்சுகலின் அடோல்போ கொயெல்யோவும் 1880 முதல் இத்துறையில் கட்டுரைகள் வெளியிட்டார். எனினும் உலகெங்கும் பரவிக்கிடந்த இப்பேச்சுகளை ஒருசேர வைத்து ஒப்பிட்டுக் கோட்பாடு கண்டவர் ஷூகார்டே.

நோயும் நரம்புத் தளர்ச்சியும் அவரை வாட்டின. மணவாழ்வை அவர் மேற்கொள்ளவில்லை. கிரியோல் வழங்கும் நாடுகளுக்குச் செல்லும் வாய்ப்பும் அமையவில்லை. ஆகவே அஞ்சலையே துணையாகக் கொண்டார். பாதிரிமார், தூதரக அலுவலர், மருத்துவர், பள்ளியாசிரியர் எனப் பலருக்கும் மடல் விடுத்தார். அவ்வவ்விடத்துப் பேச்சில் கதைகளையும் உரையாடல்களையும் எழுதி அனுப்பும்படி வேண்டினார். வந்து குவிந்தவற்றைக் கொண்டு உருவானதே வியன்னா அறிவியற் கழக வெளியீடாக வந்த ‘கிரியோல் ஆய்வுகள்’ என்னும் வரிசை. 1882 முதல் 1891 வரை ஒன்பது ஆய்வுகள் இதில் வெளிவந்தன. ஆப்பிரிக்காவின் சாவோ தோமே, பிலிப்பைன்சு, வியட்நாமின் அன்னாம், சாவகத்தின் பத்தாவியா என நீளும் அப்பட்டியலில் கொச்சி, டையூ, மங்களூர் ஆகியன தனித்தனி ஆய்வுகளாக இடம்பெற்றுள்ளன.

நம் கரைகளில்

போர்ச்சுகீசியர் 1498இல் கோழிக்கோட்டுக் கரையை அடைந்தனர். அவர்கள் விட்டுச்சென்ற ஜன்னல், சாவி, அலமாரி, மேசை ஆகிய சொற்கள் இன்று நம் வீடுகளில் இயல்பாக வழங்குகின்றன. கரையோர ஊர்களிலோ சொற்களோடு நில்லாமல் புதுமொழியே பிறந்தது. 1706இல் தரங்கம்பாடிக்கு வந்த சீகன்பால்கு தமிழோடு போர்ச்சுகீசியத்தையும் கற்கத் தலைப்பட்டார் என்றால் அக்கரையில் அதன் வழக்கு எத்துணைப் பரவியிருந்தது என்பது புலனாகும். நாகப்பட்டினத்தில் வழங்கிய வகையைப் பற்றிக் கோவாவைச் சேர்ந்த அறிஞர் தல்காது பாதிரியார் பின்னாளில் எழுதினார்.

கொச்சியை டச்சுக்காரர் 1663இல் கைப்பற்றினர். ஆட்சி போனபின்பும் மொழி போகவில்லை. அதனைச் சரளமாகப் பேசிய கடைசி மனிதர் வைப்பின் தீவில் மறைந்தது 2010ஆம் ஆண்டில்தான். அம்மொழியின் உயிர்நாள்களில் எழுதப்பெற்ற ஆய்வு என்னும் வகையில் ஷூகார்டின் கட்டுரைக்குத் தனிமதிப்பு உண்டு.

இலங்கை மட்டக்களப்பில் பறங்கியர் குடும்பங்கள் சிலவற்றில் வழங்கும் போர்ச்சுகீசியக் கிரியோலைக் கடந்த நூற்றாண்டின் எழுபதுகளில் மொழியியலார் ஆராய்ந்தனர். போர்ச்சுகீசியத்தில் பெயர்க்கு முன் நிற்கும் ‘பரா’ என்னும் சொல், அங்கே குறுகிப் பெயர்க்குப் பின் உருபாக, நம் நான்காம் வேற்றுமைக் குகரம் போல் ஒட்டி நிற்கிறது. வினையும் வாக்கியத்தின் இறுதிக்குச் சென்றுவிட்டது. சொல் லிஸ்பனிலிருந்து வந்தது. அதனைக் கோத்த நார் தமிழினுடையது. ஒரு மொழி பல மொழிகளின் கூட்டால் உருவாகும் என்ற ஷூகார்டின் கருத்துக்கு இதனினும் தெளிவான சான்று நமக்கு வேண்டுவதில்லை.

1891இல் இந்திய ஆங்கிலம் பற்றியும் அவர் ஒரு கட்டுரை வெளியிட்டார். சென்னை மாகாணத்தில் துரைமார் வீட்டுப் பணியாளர் பேசிய பட்லர் இங்கிலீஷ் அதில் ஆராயப்பெற்றது. நாம் நகைப்புக்கே பயன்படுத்தும் அப்பேச்சில், ‘டன்’ என்னும் சொல் வினைக்கு முன் நின்று முடிந்த செயலை ஒழுங்காகக் குறித்தது. பிறர் கேலி கண்ட இடத்தில் ஷூகார்ட் விதியைக் கண்டார்.

மாற்றாரோடு வழக்கு

ஒலிமாற்ற விதிகளுக்கு விலக்கே இல்லை என்று லைப்சிக்கின் இளம் இலக்கணிகள் அந்நாளில் முழங்கினர். 1885இல் அவர்களை மறுத்து ஷூகார்ட் சிறுநூல் எழுதினார். ஓர் ஊரில்கூட எல்லாரும் ஒரே வகையாகப் பேசுவதில்லை. அகவையும் கல்வியும் மனப்போக்கும் பேச்சை வேறுபடுத்துகின்றன. மிகுதியாக வழங்கும் சொல்லும் அருகி வழங்கும் சொல்லும் ஒரே வேகத்தில் மாறுவதில்லை என்பன அவர் வாதங்கள். வெற்றி அன்று மாற்றார் பக்கமே இருந்தது. கலப்பு மொழி என்பதே இல்லை என்று மாக்ஸ் முல்லர் கூறியிருக்க, முற்றிலும் கலப்பற்ற மொழி எதுவும் இல்லை என்று ஷூகார்ட் மறுதலித்ததையும் பலர் மிகைக்கூற்றாகவே எண்ணினர்.

கிரியோலின் தோற்றம் பற்றிய அவருடைய முதிர்ந்த எண்ணங்களை இரு ஆய்வுகளில் காணலாம். மத்தியதரைக் கடல் துறைமுகங்களில் வழங்கிய ‘லிங்குவா பிராங்கா’ பற்றி 1909இல் எழுதினார். அம்மொழியில் வினைச்சொல் காலமும் இடமும் காட்டாது வெறும் எச்ச வடிவில் நின்றது. அவ்வடிவை அராபியர் தாமே தேர்ந்திருக்க இயலாது. அயலார்க்குப் புரிய வேண்டும் என்று ஐரோப்பியரே தம் மொழியை அவ்வாறு குறுக்கிப் பேசினர் என்று அவர் விளக்கினார். புதிதாகத் தமிழ் கேட்பவரிடம் நாமும் விகுதிகளை உதிர்த்துப் பேசுவதை நோக்கினால் இதன் உண்மை விளங்கும். அஃதாவது, உடைந்த மொழி என்று பழிக்கப்படுவதை உடைத்தவர்களுள் ஆண்டைகளும் உண்டு.

1914இல் தென்னமெரிக்கச் சுரினாமின் சரமாக்கர் மொழி பற்றி எழுதினார். தோட்டங்களிலிருந்து தப்பிக் காட்டில் வாழ்ந்து, போரிட்டு, 1762இல் டச்சு ஆட்சியோடு உடன்படிக்கை செய்துகொண்ட ஆப்பிரிக்க மக்கள் அவர்கள். மொரேவியப் பாதிரியார் ஒருவர் 1778இல் தொகுத்த அகராதியை ஷூகார்ட் இந்நூலில் பதிப்பித்தார். ஆங்கிலச் சொல்லும் போர்ச்சுகீசியச் சொல்லும் ஆப்பிரிக்க மொழிகளின் ஏற்ற இறக்க ஓசையோடு அம்மொழியில் வாழ்கின்றன.

போரும் முதுமையும்

1900இல் பணி ஓய்வு பெற்றபின் சொல்லையும் பொருளையும் ஒருங்கே ஆராய்வதில் ஈடுபட்டார். கண்டுபிடித்தல் என்று பொருள்படும் பிரெஞ்சுச் சொல்லின் மூலம், மீனவர் நீரைக் கலக்கி மீனை விரட்டும் தொழிலில் உள்ளது என்று காட்டுவதற்காக வலைகளையும் மீன்பிடி கருவிகளையும் ஆராய்ந்தார். எம்மொழியோடும் உறவு நிறுவப்படாத பாஸ்க் மொழி இறுதிவரை அவரை ஈர்த்தது.

பெரியோர் வாழ்வை எழுதும்போது குறைகளை மறைப்பது மரபன்று. இனங்களைப் பற்றிய அக்காலத்து ஐரோப்பிய எண்ணங்களிலிருந்து ஷூகார்டும் முற்றாக விடுபட்டவர் அல்லர். முதல் உலகப் போர் மூண்டபோது, தாம் வாழ்நாளெல்லாம் கற்ற மொழிகளின் நாடுகள் பகைநாடுகளாயின. 1915இல் அவர் வெளியிட்ட சிறுநூலில் வேதனையும் கசப்பும் கலந்து, செருமானியப் பற்றே மேலோங்கி நின்றது. மொழிகளின் கலப்பைக் கண்டு வியந்த அறிஞரையும் நாட்டுப்பற்றின் வேகம் ஆட்கொண்டது என்பது நாம் எண்ணிப் பார்க்க வேண்டியதே.

அவர் எண்பது அகவை நிறைந்த 1922இல் லியோ ஸ்பிட்சர் அவருடைய எழுத்துகளிலிருந்து ஒரு திரட்டு வெளியிட்டார். அன்னையின் பெயரைச் சூட்டிய இல்லத்தில் வாழ்ந்த ஷூகார்ட் 1927 ஏப்ரல் 21ஆம் நாள் மறைந்தார். கிரியோல் மொழிகள் பற்றிய பெருநூல் எழுதப்படாமலே நின்றுவிட்டது.

காலம் அளித்த தீர்ப்பு

அரை நூற்றாண்டு கழித்தே உலகம் அவரிடம் திரும்பியது. 1979, 1980ஆம் ஆண்டுகளில் அவருடைய கட்டுரைகள் ஆங்கிலத்தில் பெயர்க்கப்பட்டன. அவருக்கு வந்த மடல்களைக் கிராட்ஸ் பல்கலைக்கழகம் பதிப்பித்து வருகிறது. கிரியோலின் இலக்கணம் தாய்மொழிகளின் எச்சமா, மாந்த மூளையின் இயல்பா என்று இன்றும் அறிஞர் வழக்கிடுகின்றனர்.

அம்மொழி பேசுவோரோ அத்தீர்ப்புக்குக் காத்திருக்கவில்லை. ஹைத்தியின் மொரிசோ-லெருவா என்னும் கவிஞர் கிரேக்க அந்திகோனையின் கதையை 1953இல் கிரியோலில் நாடகமாக்கினார். பிராங்கெத்தியென் 1975இல் ‘தெசாபி’ என்னும் புதினத்தை அம்மொழியில் எழுதினார். 1987ஆம் ஆண்டின் ஹைத்தி அரசியலமைப்பு பிரெஞ்சோடு கிரியோலையும் ஆட்சிமொழியாக்கியது.

ஈராயிரம் ஆண்டு இலக்கியம் உடைய தமிழைக் கற்பிக்கும் நமக்கு ஷூகார்டின் வாழ்வு உணர்த்துவது என்ன? நம் மொழியைப் பேணுவதை அவர் ஆய்வு தடுக்கவில்லை. தமிழின் வளத்தைக் காக்கும் கடமை நமக்கு என்றும் உண்டு. ஆனால் அக்கடமையைச் செய்யும்போது, சந்தையிலும் துறைமுகத்திலும் தொழிற்கூடத்திலும் மக்கள் பேசுவதை இழித்துரைக்கும் உரிமை நமக்கு இல்லை. பிறர் பிழை என்பதை ஒருமுறை கூர்ந்து கேட்டால் அதனுள் ஓர் ஒழுங்கும் அதனைப் பேசுவோரின் வரலாறும் புலப்படும். பத்தாண்டுகளாகச் சொல்லோடு பழகிவரும் நம் வட்டத்துக் கவிஞர்கள் அவ்வாறு கேட்பார்களாயின், அவர்தம் பாடல்களில் இதுவரை ஒலிக்காத குரல்களும் ஒலிக்கும்.