எல்லையில் நின்ற கலைஞர்

களியக்காவிளையைக் கடந்து, பாறசாலை, நெய்யாற்றின்கரை வழியாகத் திருவனந்தபுரம் சென்ற நண்பர்கள், பெயர்ப்பலகைகளில் எழுத்து மாறுவதைக் கண்டிருப்பீர்கள். 1956 நவம்பர் முதல் நாள் விழுந்த கோடு அது. அதற்கு முன் குமரிமுனை வரை ஒரே சீமை. அந்தச் சீமையில், அகத்தீசுவரத்தில், 1900-ஆம் ஆண்டு செல்வம் மிக்க கிறித்தவ நாடார் குடும்பத்தில் பிறந்தார் ஜே. சி. டானியேல். அவரை நெய்யாற்றின்கரைக்காரர் என்று சொல்வோரும் உண்டு.

களரிப்பயட்டில் வல்லவரான அவர், அக்கலையைத் திரையில் காட்ட விரும்பினார். சென்னைக்கும் பம்பாய்க்கும் சென்று படத்தொழிலைப் பழகினார். நிலத்தை விற்றார், திருவனந்தபுரம் பட்டத்தில் திருவாங்கூர் நேஷனல் பிக்சர்ஸ் என்னும் படநிலையத்தை நிறுவினார். கதை எழுதியவர், இயக்கியவர், படம் பிடித்தவர், கதாநாயகனாக நடித்தவர், எல்லாம் அவரே! புராணக் கதைகளே பெரிதும் படமாகி வந்த அந்நாளில், இலங்கைக்குக் கடத்தப்பட்டுத் தோட்டத்தில் கூலியாக வளரும் ஒரு பிள்ளையின் கதையை அவர் எடுத்துக்கொண்டது சிறு துணிவன்று. படத்தின் பெயர் விகதகுமாரன். காணாமற்போன மகன் என்பது பொருள். மலையாள நாட்டின் முதற் பேசாப்படம் அதுவே.

கதாநாயகியாக நடித்தவர் ரோசி. புல்லறுத்துப் பிழைத்தவர், காக்காரிசி நாடகம் ஆடியவர், தாழ்த்தப்பட்ட குலத்தவர். திரையில் அவர் நாயர் பெண்ணாகத் தோன்றினார். அது போதாதா? காபிடல் கொட்டகையில், வழக்கறிஞர் மள்ளூர் கோவிந்தப் பிள்ளை தொடங்கி வைத்த முதற் காட்சியிலேயே கல் பறந்தது, திரை கிழிந்தது. அந்நாளை 1928 என்பர் சிலர், 1930 என்பர் பலர். ரோசி ஊரை விட்டே ஓடி, நாகர்கோவிலில் தம் பழைய பெயரை மறைத்து வாழ்ந்தார். டானியேல் கடனாளியானார், படநிலையம் மூடப்பட்டது.

பின்னர் அவர் பல் மருத்துவம் கற்றுப் பாளையங்கோட்டையில் தொழில் நடத்தினார். நடிகர் பி. யு. சின்னப்பாவின் நட்பு பழைய ஆசையைக் கிளறியது. மீண்டும் சென்னை; மீண்டும் இழப்பு. முதுமையில் வறுமையோடு அகத்தீசுவரம் திரும்பினார்.

செய்தியாளர் சேலங்காட்டு கோபாலகிருட்டிணன் அவரைத் தேடிச் சென்று கண்டு, அவருக்காக எழுதினார், வாதாடினார். நலிந்த கலைஞருக்கான உதவித்தொகை கேட்டபோது, அவர் தமிழ்நாட்டில் பிறந்து அங்கேயே வாழ்பவர் என்று கேரள அரசு மறுத்துவிட்டது. மலையாளப் படத்துக்குத் தம் சொத்தை எல்லாம் கொடுத்தவரை, பிற்காலத்தில் இழுத்த ஒரு கோடு அயலார் ஆக்கிற்று! தமிழராகிய நாமும் அவரை நம்மவர் என்று கொண்டாடியதில்லை.

1975 ஏப்ரல் 27 அன்று டானியேல் மறைந்தார். விகதகுமாரனின் படச்சுருள் ஒன்றுகூட இன்று இல்லை. திரைத்துறையில் வாழ்நாள் தொண்டுக்குக் கேரள அரசு அளிக்கும் மிக உயர்ந்த பரிசு, 1992 முதல் அவர் பெயரால் வழங்கப்பட்டு வருகிறது.